ஏசிசிடி நோட்டீஸ்: ஓசூர், கிருஷ்ணகிரி, தருமபுரி தொழிற்கூடங்கள் எதை எதிர்த்து வழக்காடலாம்?

மார்ச் கணக்கு முடிந்து சில வாரங்களில் ஓசூர் சிப்காட், பர்கூர் பக்கத்து கிரானைட் பட்டறைகள், கிருஷ்ணகிரி மாங்கூழ் ஆலைகள், அரூர், பாப்பிரெட்டிப்பட்டி வட்டார ஜவ்வரிசி ஆலைகள் என்று வரிசையாக மின்வாரியத்திடமிருந்து ஒரு கடிதம் வந்து சேரும். கடந்த 12 மாத பில்லின் சராசரிப்படி உங்கள் சர்வீஸுக்கு இருக்க வேண்டிய காப்புத் தொகை (டெபாசிட்) இவ்வளவு, இப்போது இருப்பது இவ்வளவு, குறைகிற தொகையை 30 நாளுக்குள் கட்டுங்கள் என்பது அதன் சாரம். தொழில் வட்டாரத்தில் இதை ஏசிசிடி (கூடுதல் மின் நுகர்வு டெபாசிட்) நோட்டீஸ் என்பார்கள். சிறிய எச்.டி. (உயர் அழுத்த) இணைப்பு வைத்திருப்பவருக்கே லட்சக்கணக்கில் வரும். அடுத்த நாளே வக்கீலுக்கு போன் போகும்.

வக்கீலிடம் போகுமுன் ஒன்றைத் தெரிந்துகொள்வது நல்லது. கூடுதல் டெபாசிட் கேட்க மின்வாரியத்துக்கு அதிகாரமே கிடையாது என்று வாதாடிய வழக்குகள் நாற்பது வருடமாகத் தோற்றுவருகின்றன. கேட்ட தொகையின் கணக்கு, கேட்ட முறை, கொடுக்காமல் விட்ட வட்டி, திருப்பித் தராத பணம் ஆகியவற்றில்தான் வெல்ல இடம் இருக்கிறது. பலர் முதல் வகை வழக்கில் பணத்தைக் கரைத்துவிட்டு, இரண்டாம் வகையில் கையில் இருந்த நியாயத்தைக் கோட்டைவிடுகிறார்கள். அதனால்தான் இதை விரிவாக எழுத வேண்டியிருக்கிறது.

சட்டத்தில் என்ன இருக்கிறது என்று முதலில் பார்ப்போம். 2003ஆம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 47ஆம் பிரிவுதான் இதற்கு ஆதாரம். மின்சாரம் கேட்பவரிடம் நியாயமான காப்புத் தொகை வாங்கிக்கொள்ள விநியோக நிறுவனத்துக்கு அது அதிகாரம் தருகிறது. எவ்வளவு நியாயம் என்பதை மாநில ஒழுங்குமுறை ஆணையத்தின் விதிமுறை சொல்லும். இருக்கிற தொகை போதாமல் போனால் நோட்டீஸ் கொடுத்து, 30 நாளுக்குள் மீதியைக் கட்டச் சொல்லலாம். கட்டாவிட்டால், கட்டும்வரை இணைப்பை நிறுத்திவைக்கலாம். இதே பிரிவின் நான்காம் உட்பிரிவு வாரியத்தின்மேல் இரண்டு கடமைகளைச் சுமத்துகிறது: ரிசர்வ் வங்கியின் வங்கி விகிதத்துக்குக் குறையாத வட்டி தர வேண்டும், காப்புத் தொகை கட்டியவர் கேட்டால் அதைத் திருப்பித் தர வேண்டும். ஐந்தாம் உட்பிரிவு, முன்பணம் செலுத்தும் மீட்டர் வழியாக மின்சாரம் எடுக்கத் தயாராக இருப்பவரிடம் காப்புத் தொகையே கேட்கக் கூடாது என்கிறது. கடைசியாகச் சொன்ன இதைப் பற்றிப் பிறகு பேசுகிறேன்.

தமிழ்நாட்டில் இதன் அளவை நிர்ணயிப்பது ஒழுங்குமுறை ஆணையத்தின் 2004ஆம் ஆண்டு மின் வழங்கல் விதித் தொகுப்பு. எச்.டி. இணைப்புக்கு ஆண்டுக்கு ஒரு முறை, எல்.டி. (தாழ்வழுத்த) இணைப்புக்கு இரண்டு ஆண்டுக்கு ஒரு முறை இருப்பு போதுமா என்று சரிபார்க்கலாம். ஏப்ரலுக்கு முந்தைய 12 மாத பில்லின் மாதச் சராசரி எடுத்து, எச்.டி.க்கு அதன் இரண்டு மடங்கும் எல்.டி.க்கு மூன்று மடங்கும் இருப்பில் இருக்க வேண்டும்.

இரண்டு மாதம் என்பது எங்கிருந்து வந்தது? மின்சாரம் கடனுக்குத்தான் வழங்கப்படுகிறது. முதல் தேதி ஓடத் தொடங்கிய மீட்டருக்கு மாதம் முடிந்த பிறகுதான் ரீடிங், பிறகு பில், பிறகு கட்டுவதற்குத் தவணை. அதற்குள் கட்டாவிட்டாலும் மறுநாளே ஃப்யூஸைப் பிடுங்க முடியாது. 56ஆம் பிரிவின்படி முழுதாக 15 நாள் நோட்டீஸ் தர வேண்டும். அத்தனை நாளும் மெஷின் ஓடிக்கொண்டுதான் இருக்கும். இதையெல்லாம் கூட்டினால் ஏறக்குறைய இரண்டு மாதச் சரக்கு பணம் வராமல் வெளியே நிற்கிறது. வாரியத்தின் பக்கம் இந்த நியாயம் உண்மையானது. மூடிப்போன ஆலையிடம் வசூலிக்க முடியாத பாக்கி கடைசியில் ஒழுங்காகப் பணம் கட்டுகிறவரின் கட்டணத்தில்தான் வந்து விழும்.

நீதிமன்றங்களும் இதை ஏற்றுக்கொண்டன. 1983இல் ஜகதாம்பா பேப்பர் இண்டஸ்ட்ரீஸ் நிறுவனம் அரியானா மின்வாரியத்துக்கு எதிராகக் கொண்டுவந்த வழக்கில், காப்புத் தொகையை உயர்த்தும் அதிகாரம் வாரியத்துக்கு உண்டு என்றது உச்ச நீதிமன்றம். 1993இல் ஃபெர்ரோ அலாய்ஸ் கார்ப்பரேஷன் ஆந்திர மின்வாரியத்தின்மேல் போட்ட வழக்கு இன்னும் முக்கியமானது. கடனுக்கு மின்சாரம் தருகிற வாரியம் அதற்கு ஈடாக டெபாசிட் கேட்பது தன்னிச்சையானது ஆகாது, கட்டணம் ஏறும்போது டெபாசிட்டும் ஏறுவது இயல்பே என்று தீர்ப்பானது. வட்டி தராமல் இருப்பதையும் அந்தத் தீர்ப்பு குற்றமாகப் பார்க்கவில்லை. அந்த ஒரு புள்ளியில் பாராளுமன்றம் குறுக்கே வந்து, 2003 சட்டத்தில் வட்டியைக் கட்டாயமாக்கியது. எனவே இன்று 1993 தீர்ப்பைக் காட்டி வட்டி மறுக்க யாராலும் முடியாது. ஆனால் டெபாசிட் கேட்கும் உரிமையில் அந்தத் தீர்ப்பு இன்றும் உறுதியாக நிற்கிறது.

நோட்டீஸ் வந்தவர்கள் சாதாரணமாகக் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு. போன வருடம் ஓட்டிய அதே மெஷின், அதே ஷிஃப்ட், ஒரு யூனிட்கூட அதிகமாக எடுக்கவில்லை, பிறகு ஏன் டெபாசிட் ஏறுகிறது? ஒரு கணக்குப் போட்டுப் பார்த்தால் விளங்கும். 200 கேவிஏ டிமாண்ட் (ஒப்பந்த மின்சுமை) வாங்கிய ஒரு எச்.டி. தொழிற்கூடம் மாதம் 40,000 யூனிட் எடுப்பதாக வைத்துக்கொள்வோம். எடுத்தாலும் எடுக்காவிட்டாலும் டிமாண்டில் 90 சதவீதத்துக்குக் கட்டணம் உண்டு. அதாவது 180 கேவிஏ. 2022 செப்டம்பருக்கு முன் ஒரு கேவிஏவுக்கு 350 ரூபாய், யூனிட்டுக்கு 6.35 ரூபாய். மாத பில் 3,17,000. அந்த செப்டம்பரில் டிமாண்ட் கட்டணம் ஒரே தாவலில் 550 ஆனது, யூனிட் 6.75 ஆனது. அதே ஓட்டத்துக்கு பில் 3,69,000. 2025 ஜூலை உயர்வுக்குப் பிறகு 608 ரூபாய், 7.50 ரூபாய் என்ற விகிதத்தில் 4,09,440. காலை, மாலை பீக் அவர் கூடுதல் கட்டணத்தையும் மின்சார வரியையும் இதில் சேர்க்கவே இல்லை. இரண்டு மாத டெபாசிட் 6,34,000 ரூபாயிலிருந்து 8,18,880 ரூபாய்க்குப் போயிருக்கிறது. ஒரு யூனிட்கூடக் கூடவில்லை, முடங்கிய முதல் 1,84,880 ரூபாய் கூடிவிட்டது. கட்டண உயர்வு அறிவிப்பு வரும்போது எல்லோரும் பில்லைப் பற்றிப் பேசுகிறார்கள். அடுத்த ஏப்ரலில் டெபாசிட் வழியாக வரப்போகும் இரண்டாவது அடியை யாரும் பட்ஜெட்டில் எழுதிவைப்பதில்லை.

இந்த அடி எங்கே வலிக்கிறது என்பது தொழிலுக்குத் தொழில் மாறும். ஓசூரின் பெரிய வாகன நிறுவனங்களுக்கு உதிரிபாகம் கடைந்து கொடுக்கும் ஜாப் ஒர்க் யூனிட்டை எடுத்துக்கொள்ளுங்கள். சிறு, குறு நிறுவனங்களுக்கு 45 நாளுக்குள் பணம் தர வேண்டும் என்கிறது 2006ஆம் ஆண்டுச் சட்டம். நடப்பில் அறுபது, தொண்ணூறு நாள் ஆவது சாதாரணம். வர வேண்டிய பணம் ஒருபுறம் தொங்க, இரண்டு மாதக் கரண்ட் காசு மறுபுறம் வாரியத்திடம் நிற்கிறது. பெரிய கம்பெனிக்கு இது பேலன்ஸ் ஷீட்டில் ஒரு வரி. நாலு சி.என்.சி. மெஷின் வைத்திருப்பவருக்கு இது ஓ.டி. (வங்கி மிகைப்பற்று) கணக்கு.

மாங்கூழ் ஆலைகளின் நிலைமை தனி. கிருஷ்ணகிரியில் மாங்கூழ் தயாரிப்பு மே தொடங்கி மூன்று, நான்கு மாத ஓட்டம். மீதி நாளில் குளிர்பதனமும் விளக்கும்தான். கணக்குக்காக, சீசனில் நான்கு மாதம் 12 லட்சம் வீதமும் மற்ற எட்டு மாதம் ஒன்றரை லட்சம் வீதமும் பில் வரும் ஆலை என்று வைப்போம். ஆண்டுக்கு 60 லட்சம், மாதச் சராசரி 5 லட்சம், டெபாசிட் 10 லட்சம். சீசன் உச்சத்தில் அந்த 10 லட்சம் ஒரு மாத பில்லுக்கே போதாது. ஆகவே வாரியத்துக்கு உண்மையிலேயே ஆபத்து இருக்கும் மாதங்களில் இந்த டெபாசிட் அதைக் காப்பதில்லை. ஆலை மூடிக் கிடக்கும் மாதங்களிலோ ஆறரை மாத பில்லுக்கு மேல் சும்மா முடங்குகிறது. ஆண்டுச் சராசரி என்ற ஒரே அளவுகோல் ஆண்டு முழுவதும் சீராக ஓடும் ஆலைக்காகத் தைத்த சட்டை. அத்துடன் சரிபார்ப்பு ஏப்ரலை வைத்து நடப்பதால், நோட்டீஸ் சரியாக விவசாயிக்கு மாம்பழக் காசு எண்ணித் தர வேண்டிய நேரத்தில் கைக்கு வருகிறது. ஆலைக்காரருக்குக் கையைக் கடித்தால் அது தோட்டக்காரரின் விலையிலும் தெரியும். பருவத் தொழில்களுக்கு நோட்டீஸ் காலத்தை மாற்றியமைப்பதற்கு மின்சாரச் சட்டத்தில் எந்தத் தடையும் இல்லை. ஆணையம் விதியைத் திருத்தினால் போதும்.

இப்போது, எதில் வெல்லலாம் என்பதற்கு வருவோம்.

முதலில் கணக்கு. 12 மாத பில்லையும் எடுத்து வைத்துக்கொண்டு சராசரியை நீங்களே போட்டுப் பாருங்கள். பழைய பாக்கி, ஆடிட் பிரிவு எழுப்பிய நிலுவை, அபராதம் போன்ற ஒருமுறைத் தொகைகள் ஏதாவது மாதத்தில் சேர்ந்திருந்தால் சராசரி வீங்கிவிடும். காப்புத் தொகை வரப்போகிற பில்லுக்கு ஈடாக வைப்பது. ஒரு முறை வந்து முடிந்துபோன பாக்கியை அதில் பெருக்குவதற்கு நியாயம் இல்லை என்று வலுவாகச் சொல்லலாம். இருப்பில் உள்ள தொகையையும் சரிபார்க்க வேண்டும். பல ஆண்டுக்கு முன் இணைப்பு வாங்கும்போது கட்டிய சிசிடி (மின் நுகர்வு டெபாசிட்), டிமாண்ட் கூட்டியபோது கட்டியது, முந்தைய ஏசிசிடி எல்லாம் வாரியத்தின் கணக்கில் ஏறியிருக்கிறதா? ரசீது இருந்தால்தான் பேச முடியும். பழைய ரசீதுகளை ஃபைலில் வைத்திருக்கும் யூனிட்டுக்கும் வைக்காத யூனிட்டுக்கும் வித்தியாசம் சில சமயம் லட்சத்தில் இருக்கும்.

காற்றாலை, சூரிய மின்சாரம் போன்றவற்றை வெளியிலிருந்து வாங்கி வாரியத்தின் கம்பி வழியாகக் கொண்டுவரும் ஆலைகளுக்கு இன்னொரு கேள்வி உண்டு. 47ஆம் பிரிவு பேசுவது வாரியம் வழங்கிய மின்சாரத்துக்கான ஈட்டைப் பற்றி. சொந்தக் காற்றாலை யூனிட்டைக் கழித்த பிறகு வரும் பில்லை வைத்துத்தான் சராசரி எடுக்க வேண்டும் என்பது ஆலைகளின் வாதம். காற்று எப்போது நிற்கும் என்று தெரியாது, நின்றால் முழுச் சுமையும் எங்கள்மேல்தானே விழும் என்பது வாரியத்தின் பதில். சட்டத்தின் சொற்களுக்கு முதல் வாதமே நெருக்கமாக இருப்பதாக எனக்குப் படுகிறது.

அடுத்தது முறை. 30 நாள் என்பது நோட்டீஸ் கைக்கு வந்த பிறகான 30 நாள். கடிதத்தில் போட்டிருக்கும் தேதியிலிருந்து எண்ணக் கூடாது. நோட்டீஸ் தராமல் மாத பில்லிலேயே கூடுதல் டெபாசிட்டைச் சேர்த்து, பில் கட்டவில்லை என்று இணைப்பைத் துண்டித்தால் அது 47ஆம் பிரிவையும் 56ஆம் பிரிவையும் போட்டுக் குழப்புவது. இரண்டுக்கும் நோட்டீஸ் வேறு, காலம் வேறு. தபால் உறையையும் அதன் முத்திரையையும் பத்திரப்படுத்துவது அற்பமாகத் தெரியலாம், ஆனால் வழக்கு அதில் நிற்கும்.

மூன்றாவது, பலர் கவனிக்காமல் விடும் வட்டி. ரிசர்வ் வங்கியின் வங்கி விகிதம் 2003 முதல் 2012 பிப்ரவரி வரை 6 சதவீதத்திலேயே நின்றது. அந்தப் பிப்ரவரியில் ஒரே நாளில் 9.5 ஆனது. பிறகு ஏறி இறங்கி, 2023இல் 6.75. வட்டி பணமாக வராது, ஆண்டுக்கு ஒரு முறை பில்லில் கழிக்கப்படும். 8 லட்சம் டெபாசிட்டுக்கு 6.75 சதவீதத்தில் 54,000 ரூபாய். அந்த 8 லட்சத்தை வங்கியில் 11 சதவீதத்துக்குக் கடன் வாங்கிக் கட்டியிருந்தால் வட்டிச் செலவு 88,000. இடைவெளி 34,000 ரூபாய், வருடா வருடம். வட்டியே கொடுத்துவிடுகிறோமே, பிறகு என்ன நஷ்டம் என்ற கேள்விக்கு இதுதான் பதில். பில்லில் கழித்த வட்டி எந்தத் தொகைக்கு, எத்தனை மாதத்துக்கு, எந்த விகிதத்தில் என்று பார்ப்பதும் அவசியம். ஆண்டின் நடுவில் கட்டிய கூடுதல் தொகைக்கு வட்டி விடுபட வாய்ப்புண்டு. அந்த வட்டியில் 10 சதவீதம் வருமான வரிக்காகப் பிடித்திருப்பார்கள். அது உங்கள் பான் எண்ணில் 26ஏஎஸ் படிவத்தில் (பிடித்த வரியைக் காட்டும் பட்டியல்) தெரிகிறதா என்று ஆடிட்டரிடம் கேளுங்கள்.

நான்காவது, திரும்ப வர வேண்டிய பணம். ஆர்டர் குறைந்து ஓட்டம் பாதியானால், அல்லது டிமாண்டைக் குறைத்துக்கொண்டால், இருப்பு தேவைக்கு மேல் நிற்கும். குறைந்தால் நோட்டீஸ் தானாக வரும். கூடினால் கடிதம் நீங்கள்தான் எழுத வேண்டும், ஏனென்றால் சட்டமே கேட்டால் திருப்பித் தர வேண்டும் என்றுதான் சொல்கிறது. கிரானைட் ஏற்றுமதி மந்தமான காலத்தில் பாலிஷ் யூனிட்கள் இதைச் செய்திருக்கலாம். எத்தனை பேர் எழுதிக் கேட்டிருப்பார்கள்?

இனி சொல்லப்போவது ஓசூர் பகுதிக்கே உரிய சிக்கல். இங்கே ஏராளமான சிறு பட்டறைகள் வாடகை ஷெட்டில் ஓடுகின்றன. சர்வீஸ் நம்பர் ஷெட் உரிமையாளர் பெயரில் இருக்கும். பில் கட்டுவது குடியிருக்கும் பட்டறைக்காரர். ஏசிசிடி நோட்டீஸ் உரிமையாளர் பெயருக்கு வரும், கரண்ட் நிற்கக் கூடாதே என்று பட்டறைக்காரர் கட்டிவிடுவார். சட்டத்தின் கண்ணில் வாரியத்துக்கும் உரிமையாளருக்கும் இடையில்தான் ஒப்பந்தம். வட்டி அந்த சர்வீஸ் பில்லிலேயே கழியும், அதுவரை சரி. ஆனால் மூன்று வருடம் கழித்து ஷெட்டைக் காலி செய்யும்போது கட்டிய டெபாசிட் அங்கேயே நின்றுவிடும். கட்டியது நான்தான் என்று வாரியத்திடம் போய் நின்றால், உங்கள் பெயர் எங்கள் கணக்கில் இல்லை என்பார்கள். அதில் தப்பும் சொல்ல முடியாது. வாடகை ஒப்பந்தத்தில், குடியிருப்பவர் கட்டும் கூடுதல் மின் டெபாசிட்டை ஷெட் காலி செய்யும்போது உரிமையாளர் திருப்பித் தர வேண்டும் என்று ஒரு வரி எழுதிக்கொண்டால் இந்தத் தகராறு சிவில் கோர்ட்டுக்குப் போகாமலே தீரும். ஷெட்டை விலைக்கு வாங்குகிறவருக்கும் இது பொருந்தும். பெயர் மாற்றத்தின்போது பழைய உரிமையாளரின் சம்மதக் கடிதம் இருந்தால் டெபாசிட் கைமாறும். இல்லாவிட்டால் புதிதாகக் கட்ட வேண்டியிருக்கும்.

ஏலத்தில் மூடிய ஆலையை வாங்குகிறவர்கள் இன்னும் எச்சரிக்கையாக இருக்க வேண்டும். 2023 மே மாதம் கே.சி. நைனான் எதிர் கேரள மாநில மின்வாரியம் வழக்கில், பழைய உரிமையாளரின் மின் பாக்கியைப் புதிய இணைப்புக்கு நிபந்தனையாக வைக்க விதிமுறையில் இடம் இருந்தால் அது செல்லும் என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பழைய டெபாசிட் எப்படியோ ஈடுகட்டும் என்று நம்பி விலை பேசினால் கணக்கு இடிக்கும். மூடிய ஆலையின் கடைசி பில்களிலேயே அந்த டெபாசிட் கரைந்துபோயிருக்கும்.

எங்கே போய் முறையிடுவது? கணக்கில் தகராறு என்றால் முதல் படி வட்ட அளவிலான நுகர்வோர் குறைதீர்க்கும் மன்றம். கிருஷ்ணகிரிக்கும் தருமபுரிக்கும் தனித்தனி மின் பகிர்மான வட்டங்கள் உண்டு. மன்றத்துக்குத் தலைவர் அந்த வட்டத்தின் மேற்பார்வைப் பொறியாளர். தன் அலுவலகம் அனுப்பிய நோட்டீஸைத் தானே விசாரிக்கும் இந்த ஏற்பாடு எனக்கு உடன்பாடானது இல்லை, இருந்தாலும் இந்தப் படியைத் தாண்டாமல் மேலே போக முடியாது. அங்கே திருப்தி இல்லாவிட்டால் சென்னையில் மின் குறைதீர்ப்பாளர். எழுத்துமூலமான கணக்குத் தகராறுகளுக்கு வக்கீல் இல்லாமலே வாதாடக்கூடிய இடம் அது. நுகர்வோர் ஆணையத்துக்குப் போகலாமா என்று சிலர் கேட்பதுண்டு. வணிக நோக்கில் மின்சாரம் வாங்குகிறவருக்கு அந்தக் கதவு திறக்காது என்பதை 2013இல் அனிஸ் அகமது வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

விதிமுறையே தவறு, இரண்டு மாதம் என்ற அளவே நியாயமற்றது என்பவர் மன்றத்துக்குப் போய்ப் பயனில்லை. ஒழுங்குமுறை ஆணையம் இயற்றும் விதிமுறை சட்டத்துக்கு நிகரான அதிகாரம் கொண்டது, அதை எதிர்க்க உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட வேண்டும் என்று 2010இல் பி.டி.சி. இந்தியா வழக்கில் ஐந்து நீதிபதிகள் அமர்வு தெளிவாக்கியது. அங்கேயும் இடைக்காலத் தடை சும்மா கிடைக்காது. ஒரு பகுதியைக் கட்டச் சொல்லித்தான் பெரும்பாலும் உத்தரவாகும்.

முன்பண மீட்டருக்கு வருகிறேன். முன்னாலேயே பணம் கட்டுபவரிடம் டெபாசிட் கேட்காதே என்று பாராளுமன்றம் எழுதி இருபது வருடத்துக்கு மேல் ஆகிறது. ரீடிங் எடுக்க ஆள் வர வேண்டிய காலத்தில் எழுதிய சட்டம் அது. இன்று எச்.டி. மீட்டரை அலுவலகத்திலிருந்தே படிக்கிறார்கள், பணம் நொடியில் போய்ச் சேர்கிறது. வாரத்துக்கு ஒரு முறை முன்பணம் கட்டத் தயார் என்று ஒரு ஓசூர் பட்டறை சொன்னால், இரண்டு மாதப் பணத்தை அதனிடம் பிடித்துவைக்க என்ன காரணம் மிஞ்சும்? சிறு தொழில் சங்கங்கள் வங்கி உத்தரவாதத்தை ஏற்கச் சொல்லிக் கேட்பதைவிட, சட்டத்தில் ஏற்கெனவே இருக்கும் ஐந்தாம் உட்பிரிவைப் பிடித்துக்கொண்டு ஆணையத்தின் முன் மனு போடலாம். டெபாசிட் கேட்கும் உரிமையை எதிர்த்த 1983, 1993 வழக்குகளில் இந்த உட்பிரிவு கையில் இருந்ததில்லை.

அதுவரை, நோட்டீஸ் வந்த யூனிட் செய்யக்கூடியது எளிது. தவறு என்று தெரிந்த பகுதியைக் கணக்குடன் குறிப்பிட்டு, ஆட்சேபத்துடன் கட்டுகிறோம் என்று ஒரு கடிதம் எழுதி, எஸ்.இ. (மேற்பார்வைப் பொறியாளர்) ஆபீஸில் கொடுத்து, நகலில் முத்திரையும் தேதியும் வாங்கிக்கொள்ள வேண்டும். 30ஆம் நாள் மாலை இல்லை, பத்தாம் நாளுக்குள்.